நோயாளி மறுக்கிறார்

மருத்துவமனை கேஸ் ஷீட்டுகளில் திரும்பத் திரும்பக் காணப்படும் ஓர் ஆங்கில வாக்கியம்: 'பேஷன்ட் டினைஸ் செஸ்ட் பெய்ன்.' டூட்டி டாக்டர் நெஞ்சு வலிக்கிறதா என்று கேட்டிருப்பார், படுக்கையில் இருந்தவர் இல்லை என்று தலையாட்டியிருப்பார். நடந்தது அவ்வளவுதான். ஆனால் தாளில் ஏறியது 'மறுக்கிறார்' என்ற வினை. ஆங்கிலத்தில் அது பெரும்பாலும் குற்றம் சாட்டப்பட்டவருக்கு உரிய வினை. அதே தாளில் இரண்டு வரி மேலே பாருங்கள், 'கம்ப்ளெயின்ஸ் ஆஃப்' என்று இருக்கும். வயிற்று வலி என்று சொன்னவர் வயிற்று வலி பற்றிப் புகார் செய்தவராகிவிட்டார். கீழே இறங்கினால் 'அட்மிட்ஸ்' வரும்: குடிப்பழக்கம் உண்டென ஒப்புக்கொண்டார். புகார், மறுப்பு, வாக்குமூலம் எல்லாம் ஒரே பக்கத்தில். கேஸ் ஷீட் என்ற பெயரில் குற்றப்பத்திரிகை.

இந்த வினைகளைப் பற்றி 2022-இல் பிரிட்டிஷ் மருத்துவ இதழான பி.எம்.ஜே.யில் கெய்ட்ரியோனா காக்ஸ், ஸோயி ஃப்ரிட்ஸ் என்ற இரண்டு மருத்துவர்கள் ஒரு கட்டுரை எழுதினார்கள். நோயாளியைச் சந்தேகிக்கும் சொற்கள், அவரைச் சிறுபிள்ளையாக்கும் சொற்கள், சிகிச்சை தோற்றதற்கு அவர் மேலேயே பழி போடும் சொற்கள் ஆங்கில மருத்துவ நடையில் எவ்வளவு ஆழமாக ஊறியிருக்கின்றன என்பதுதான் அவர்கள் காட்டியது. எழுதுகிற டாக்டருக்குக் கெட்ட எண்ணம் எதுவும் இருக்க வேண்டியதில்லை. அவருக்கு அவருடைய சீனியர் அப்படிச் சொல்லிக்கொடுத்தார், அந்த சீனியருக்கு அவருடைய சீனியர். மருத்துவக் கல்லூரியில் யாரும் பாடமாக நடத்தாத, ஆனால் எல்லோரும் தேறிவிடுகிற இலக்கணம் இது.

நோயைப் பற்றிய மொழி என்றவுடன் பொதுவெளியில் நாம் பேசுவது பெயர்களைப் பற்றித்தான். பெயர் மாற்றங்களின் வரலாறு நீண்டது, மதிப்புக்குரியதும்கூட. டவுன் சிண்ட்ரோம் உள்ள குழந்தைகளை ஒரு நூற்றாண்டு காலம் 'மங்கோல்' என்று மருத்துவ நூல்களே அழைத்தன. 1961-இல் 19 அறிவியலாளர்கள் லான்செட் இதழுக்குக் கடிதம் எழுதி அந்தப் பெயரைக் கைவிடச் சொன்னார்கள். 1965-இல் மங்கோலிய நாடே உலக சுகாதார நிறுவனத்திடம் முறையிட்டது. எய்ட்ஸ் நோய் 1982 செப்டம்பர் வரை ஓரினச் சேர்க்கையாளர்களின் பெயரோடு சேர்த்து 'க்ரிட்' என்று சுட்டப்பட்டு வந்தது. ஊர், நாடு, விலங்கு, மனிதர் பெயர்களைப் புதிய நோய்களுக்கு வைக்காதீர்கள் என்று 2015-இல் உலக சுகாதார நிறுவனம் வழிகாட்டுதல் தந்தது. 2020 பிப்ரவரியில் கோவிட்-19 என்ற பெயரை அது அறிவித்தபோது ஊரின் பெயர் அதில் இல்லாமல் போனதற்கு அதுதான் காரணம். 2022 நவம்பரில் குரங்கம்மை 'எம்பாக்ஸ்' ஆனது.

நல்லதுதான். ஆனால் பெயரை மாற்றுவது ஒப்பீட்டளவில் எளிது. ஒரு குழு கூடும், ஓர் அறிக்கை வெளிவரும், பத்திரிகைகள் ஒரு வாரத்தில் பழகிவிடும். மாறாத மனப்போக்கு புதிய பெயரையும் சீக்கிரமே அழுக்காக்கிவிடும். 'மென்டலி ரிடார்டட்' என்ற சொல்லே ஒரு காலத்தில் பழைய வசைச் சொற்களுக்கு மாற்றாக வந்த கண்ணியமான சொல். பிறகு அதுவே பள்ளிக்கூட வசையானது. அமெரிக்கா 2010-இல் ரோசா சட்டம் என்ற தனிச் சட்டம் இயற்றி அதைத் தன் கூட்டாட்சிச் சட்டங்களிலிருந்து நீக்க வேண்டியிருந்தது. மருந்தை ஒழுங்காகச் சாப்பிடுவதைக் குறிக்க முன்பு 'கம்ப்ளையன்ஸ்' என்றார்கள். கீழ்ப்படிதல் வாடை அடிக்கிறது என்று அதை 'அட்ஹியரன்ஸ்' ஆக்கினார்கள். நோயாளியின் மேல் விழுகிற பார்வை அதே இடத்தில்தான் இருக்கிறது. 'நான்' என்ற ஆங்கில எதிர்மறை முன்னொட்டைச் சேர்த்தால் போதும், குற்றவாளி தயார்.

அதனால் என் கவலை பெயர்ச்சொற்களைவிட வினைச்சொற்களைப் பற்றியது. வாக்கியத்தின் எழுவாய் யார், செய்தவர் யார், செயப்பட்டவர் யார் என்பதில்தான் தீர்ப்பு ஒளிந்திருக்கிறது.

புற்றுநோய்ப் பிரிவில் சர்வசாதாரணமாக எழுதப்படும் வாக்கியம்: 'பேஷன்ட் ஃபெயில்டு கீமோதெரபி.' கீமோவில் நோயாளி தோற்றார். பரீட்சை எழுதினாரா அவர்? நரம்பில் ஊசி ஏற்றிக்கொண்டு படுத்திருந்தார், முடி கொட்டியது, வாந்தி எடுத்தார். தோற்றது மருந்து. அமெரிக்க மருத்துவச் சங்கத்தின் நடைக் கையேடு இதைத் தெளிவாகவே சொல்கிறது: சிகிச்சை தோற்கலாம், நோயாளி தோற்பதில்லை. நோய்க்கு ஆளானவர் 'கேஸ்' ஆகமாட்டார் என்கிறது. கேஸ் என்பது நோயின் ஒரு நிகழ்வு, மனிதர் வேறு. 'டயாபடிக்', 'எபிலெப்டிக்' என்று ஆளுக்கே நோயின் பெயரை வைப்பதையும் தவிர்க்கச் சொல்கிறது. கையேடு அலமாரியில் இருக்கிறது. வார்டில் நிலைமை வேறு. நம் ஊர் டிஸ்சார்ஜ் சம்மரிகளில் முதல் வரியே 'நோன் கேஸ் ஆஃப்' என்றுதான் தொடங்கும். சுகர், பிரஷர், தைராய்டு எல்லாவற்றுக்கும் 'தெரிந்த கேஸ்'.

'டயக்னோஸ்' என்ற வினையைச் சுற்றி ஆங்கில இலக்கணக்காரர்களிடையே ஒரு பழைய சண்டை உண்டு. நோயைத்தான் கண்டறிய முடியும், ஆளைக் கண்டறிய முடியாது; ஆகவே 'ஷீ வாஸ் டயக்னோஸ்டு வித் கேன்சர்' தவறு என்பது கறார் கட்சி. உலகம் முழுக்க அப்படித்தான் பேசுகிறது, அகராதிகளும் ஏற்றுக்கொண்டுவிட்டன என்பது எதிர்க்கட்சி. வழக்கே வென்றுவிட்டது என்று நினைக்கிறேன், அதனால் நோயாளிக்கு நட்டமும் இல்லை. நட்டம் வேறோர் இடத்தில் இருக்கிறது. அந்தச் செயப்பாட்டு வினையில் கண்டறிந்தவர் காணாமல் போகிறார். யார் சொன்னது, எந்தச் சோதனையை வைத்து, எவ்வளவு உறுதியாக என்ற கேள்விகளும் அவரோடு போய்விடுகின்றன. எப்போதோ ஒருவர் சந்தேகத்தில் எழுதிய 'ஆஸ்துமாவாக இருக்கலாம்' என்பது அடுத்த சீட்டில் 'ஆஸ்துமா' ஆகிறது, அதற்கடுத்ததில் 'நோன் கேஸ் ஆஃப் ஆஸ்துமா' ஆகிறது. கம்ப்யூட்டர் பதிவு வந்த பிறகு பழைய குறிப்பை அப்படியே எடுத்து ஒட்டுவது ஒரு நொடி வேலை. பத்தாண்டு கழித்து அதைக் கேள்வி கேட்கும் துணிச்சல் எந்த ஜூனியருக்கும் வராது.

மகப்பேறு மருத்துவத்தின் சொற்களஞ்சியம் இன்னும் கொடுமை. கருப்பை வாய் முன்கூட்டியே திறந்துகொண்டால் 'இன்காம்பிடென்ட் செர்விக்ஸ்', அதாவது திறமையற்றது. தொடர்ந்து கரு கலைந்தால் 'ஹேபிச்சுவல் அபார்ஷன்', ஏதோ பெண்ணின் கெட்ட பழக்கம் மாதிரி. தானாகக் கரு கலைந்த பெண்ணின் குறிப்பிலும் வெகுகாலம் 'அபார்ஷன்' என்றே எழுதினார்கள். பிள்ளை வேண்டுமென்று ஏங்கியவளுக்கும் கலைத்துக்கொண்டவளுக்கும் ஒரே சொல். 1985-இல் ரிச்சர்ட் பியர்ட் என்ற பிரிட்டிஷ் மகப்பேறு மருத்துவரும் சகாக்களும் லான்செட்டுக்கு எழுதினார்கள்: தானாகக் கலைவதை 'மிஸ்கேரேஜ்' என்று சொல்லுங்கள், பெண்கள் அந்தச் சொல்லைத்தான் விரும்புகிறார்கள் என்று. பிரிட்டனில் வழக்கு மெல்ல மாறியது. அந்த 'மிஸ்' என்ற முன்னொட்டிலும் தவறு செய்த தொனி இருக்கிறது என்று இப்போது சிலர் சொல்கிறார்கள். அவர்கள் சொல்வதிலும் நியாயம் உண்டு.

இதெல்லாம் மனம் புண்படும் விவகாரம் மட்டும்தானா, சிகிச்சை சரியாக நடந்தால் போதாதா என்று கேட்பவர்கள் உண்டு. நியாயமான கேள்வி. பதிலும் இருக்கிறது.

அமெரிக்காவின் ஜான்ஸ் ஹாப்கின்ஸில் நடந்து 2018-இல் வெளியான ஓர் ஆய்வு. அரிவாள் செல் ரத்தசோகை உள்ள 28 வயது இளைஞர் ஒருவர் கடும் வலியோடு மருத்துவமனைக்கு வருகிறார் என்று கற்பனையாக ஒரு குறிப்பை இரண்டு விதமாக எழுதினார்கள். மருத்துவத் தகவல்கள் இரண்டிலும் ஒன்றே. ஒன்றில் 'ஆக்சிஜன் மாஸ்க்கை அவரால் தாங்க முடியவில்லை, வலி இன்னும் பத்துக்குப் பத்து இருக்கிறது' என்ற தொனி. மற்றதில் 'மாஸ்க் போட மறுக்கிறார், வலி இன்னும் பத்து என்று அடம்பிடிக்கிறார்' என்ற தொனி. இரண்டாவதில் போதை மருந்துக்குப் பழகியவர் என்ற சாயலும் தூவப்பட்டிருந்தது. 413 மருத்துவ மாணவர்களும் பயிற்சி மருத்துவர்களும் ஆளுக்கொரு குறிப்பைப் படித்தார்கள். இரண்டாவது குறிப்பைப் படித்தவர்களுக்கு அந்த இளைஞர் மேல் மதிப்பு குறைந்தது. அதோடு நிற்கவில்லை, வலி நிவாரண மருந்தையும் குறைவாகவே கொடுக்கத் தீர்மானித்தார்கள். சில வினைகளும் அடைமொழிகளும் மாறியதற்கு ஊசியில் ஏறும் மருந்தின் அளவு குறைகிறது.

அந்த நோய் அமெரிக்காவில் பெரும்பாலும் கறுப்பினத்தவருக்கு வருவது என்பதையும் சேர்த்துப் பார்க்க வேண்டும். சிகாகோவின் ஒரு பெரிய மருத்துவமனையில் 18,459 நோயாளிகளின் குறிப்புகளை அலசி 2022-இல் வெளியிட்டார்கள். 'ஒத்துழைக்காதவர்', 'முரண்டு பிடிப்பவர்' வகைச் சொல் ஒன்றாவது இடம்பெறும் சாத்தியம் வெள்ளையரைவிடக் கறுப்பினத்தவரின் குறிப்பில் 2.54 மடங்கு. நம் நாட்டில் சாதி, வர்க்கம், மதம், மொழி என்று பிரித்து இப்படிக் கேஸ் ஷீட்டுகளை அலசினால் என்ன வரும் என்று ஊகிக்கப் பெரிய அறிவு தேவையில்லை. ஓ.பி. வரிசையில் நின்றவர்களுக்கே தெரியும்.

இன்னும் பழைய சான்று ஒன்று. 2010-இல் 500-க்கும் மேற்பட்ட மனநலத் துறையினரிடம் ஒரே மனிதரைப் பற்றி இரண்டு விதமாகச் சொன்னார்கள். சிலருக்கு 'போதைப் பொருளைத் துர்ப்பிரயோகம் செய்பவர்', சிலருக்கு 'போதைப் பயன்பாட்டுக் கோளாறு உள்ளவர்'. முதல் சொல்லைப் படித்தவர்கள் அவரே பொறுப்பாளி, தண்டனை தேவை என்ற பக்கம் கூடுதலாகச் சாய்ந்தார்கள். இவர்கள் தெருவில் போகிறவர்கள் அல்ல, பட்டம் பெற்ற நிபுணர்கள்.

நமக்கு நேரடியாகச் சம்பந்தப்பட்டது காசநோய். பல ஆண்டுகள் நம் திட்ட ஆவணங்களில் சிகிச்சையைப் பாதியில் விட்டவர் 'டிஃபால்ட்டர்'. வங்கிக் கடனைக் கட்டாதவருக்குள்ள அதே பெயர். சளிப் பரிசோதனைக்கு வந்தவர் 'டிபி சஸ்பெக்ட்', அதாவது சந்தேக நபர். பிடிபட்டவர் 'கேஸ்'. பழைய டாட்ஸ் முறையில் மாத்திரையை மையத்துக்குப் போய் சுகாதாரப் பணியாளர் கண்ணெதிரே விழுங்க வேண்டும். தினக்கூலிக்குப் போகிறவர் காலையில் மையம் திறக்கும்வரை காத்திருந்தால் அன்றைய வேலை போய்விடும். மருந்தும் வயிற்றைப் புரட்டும். இதில் யார் கடமை தவறியது? ஏட்டில் எழுவாய் ஒருவர்தான்: டிஃபால்ட் செய்தது நோயாளி. 2012-இல் காசநோய்த் துறையைச் சேர்ந்தவர்களே சர்வதேச இதழ் ஒன்றில் இந்தச் சொற்களைக் கைவிடச் சொல்லி எழுதினார்கள். 2013-இல் உலக சுகாதார நிறுவனம் வரையறைகளைத் திருத்தியது. இன்று அவர் 'தொடர் கண்காணிப்பிலிருந்து விடுபட்டவர்'. இந்த மாற்றத்தை நான் முழுமனதாக வரவேற்கிறேன், ஏனென்றால் இது பெயரை மட்டும் மாற்றவில்லை. விடுபட்டார் என்றால் விட்டது யார் என்ற கேள்வி எழுகிறது. தேடிப் போக வேண்டிய கடமை திட்டத்தின் பக்கம் வருகிறது.

சென்னைக்கு இதில் ஒரு தனிப் பெருமை உண்டு. இங்கிருந்த காசநோய் ஆராய்ச்சி மையம் 1956-இல் தொடங்கி 1959-இல் வெளியிட்ட ஆய்வுதான், நெரிசலான ஏழை வீடுகளில் இருந்தபடி மருந்து சாப்பிடுகிறவர்களும் சானடோரியத்தில் படுத்திருப்பவர்களுக்கு நிகராகக் குணமாகிறார்கள் என்று உலகுக்குக் காட்டியது. ஏழையை நம்பலாம் என்பதற்கு அறிவியல் ஆதாரம் தந்த ஊர் இது. அதற்குப் பிறகும் அரை நூற்றாண்டுக்கு மேல் 'டிஃபால்ட்டர்' பதிவேடு நீடித்ததை என்ன சொல்ல.

போர் உருவகத்தைப் பற்றி ஏற்கெனவே நிறையப் பேர் எழுதியாகிவிட்டது. அமெரிக்க அதிபர் நிக்சன் 1971 டிசம்பரில் தேசியப் புற்றுநோய்ச் சட்டத்தில் கையெழுத்திட்டதிலிருந்து 'புற்றுநோய்க்கு எதிரான போர்' ஆங்கிலத்தில் நிலைத்தது. அமெரிக்க எழுத்தாளர் சூசன் சான்டாக் தானே மார்பகப் புற்றுநோய்க்குச் சிகிச்சை பெற்ற பிறகு 1978-இல் இந்த உருவகங்களைச் சாடி ஒரு சிறு நூலே எழுதினார். நம் பத்திரிகைகளும் 'புற்றுநோயுடன் போராடித் தோற்றார்' என்று இரங்கல் எழுதக் கற்றுக்கொண்டன. இறந்தவர் நன்றாகச் சண்டையிடவில்லை என்று இதற்குப் பொருள் வருவதை எழுதுகிறவர்கள் யோசிப்பதில்லை. ஆனாலும் இதற்குத் தடை போட நான் தயாரில்லை. இங்கிலாந்தின் லங்காஸ்டர் பல்கலைக்கழகத்தில் எலினா செமினோ குழுவினர் நோயாளிகளின் பேச்சையே திரட்டிப் பார்த்தபோது, போர் மொழி சிலருக்குக் குற்ற உணர்வையும் சிலருக்குத் தெம்பையும் தருவது தெரிந்தது. நோயாளி தன்னைப் போராளி என்று சொல்லிக்கொள்ளட்டும், அது அவர் உரிமை. அடுத்தவர் அவருக்குத் தோல்விச் சான்றிதழ் எழுத வேண்டாம்.

'நோய் உள்ளவர்' என்று ஆளை முன்னால் வைத்துச் சொல்வதே எப்போதும் சரி என்ற விதிக்கும் இதே எச்சரிக்கை பொருந்தும். எய்ட்ஸ் நோயாளிகள் 1983-இல் டென்வரில் கூடி, எங்களைப் பலியானவர்கள் என்று அழைக்காதீர்கள், எய்ட்ஸ் உள்ள மனிதர்கள் என்று சொல்லுங்கள் என்றார்கள். அது அவர்களே கேட்டது. ஆனால் அமெரிக்கப் பார்வையற்றோர் தேசியக் கூட்டமைப்பு 1993-இல் நேர்மாறாகத் தீர்மானம் போட்டது. பார்வையற்றவர் என்று சொல்வதில் என்ன வெட்கம், சுற்றி வளைத்து 'பார்வையின்மை உள்ள நபர்' என்று இழுக்க வேண்டாம் என்றது. ஆட்டிசம் உள்ளவர்களில் பலருக்கும் காதுகேளாதோரில் பலருக்கும் இதே நிலைப்பாடு. ஆக, சூத்திரம் ஒன்றும் இல்லை. சம்பந்தப்பட்டவரைக் கேட்டுத் தெரிந்துகொள்ள வேண்டியதுதான்.

டாக்டர்கள் தரப்பில் ஒரு வாதம் உண்டு. 'டினைஸ்' என்று எழுதுவது சட்டப் பாதுகாப்புக்காக. இது நோயாளி சொன்னது, நான் சோதித்தது அல்ல என்று அது காட்டுகிறது. மேலும் ஒரு நாளைக்கு நூறு பேரைப் பார்க்கிறவருக்கு நயமாக எழுத நேரம் எங்கே என்பார்கள். நேரமின்மை உண்மை. அரசு மருத்துவமனை ஓ.பி.யில் உட்கார்ந்து பார்த்தவர்கள் யாரும் அதை மறுக்கமாட்டார்கள். ஆனால் 'டினைஸ் செஸ்ட் பெய்ன்' எழுத எடுக்கும் நேரத்தில் 'நோ செஸ்ட் பெய்ன்' எழுதிவிடலாம். நோயாளியின் கூற்று என்று காட்ட வேண்டுமானால் 'ரிப்போர்ட்ஸ்' இருக்கிறது, 'சேஸ்' இருக்கிறது. 'கீமோ ஃபெயில்டு' என்பது 'பேஷன்ட் ஃபெயில்டு கீமோ'வைவிட ஒரு சொல் குறைவு.

நேரத்தைவிடப் பெரிய சிக்கல் மொழி தாண்டுவதில் இருக்கிறது. நம் ஊரில் நோயாளி தமிழில் சொல்கிறார், டாக்டர் ஆங்கிலத்தில் எழுதுகிறார். "சுகர் மாத்திரை தீர்ந்துபோச்சு டாக்டர், போன மாசம் வேலை இல்லை, வாங்க முடியல" என்று ஓர் அம்மா சொன்னது தாளில் ஏறும்போது 'நான் கம்ப்ளையன்ட்' என்ற இரண்டே சொல். காரணம் மொத்தமும் வடிந்துபோனது. அடுத்து அந்தத் தாளைப் பார்க்கிற டாக்டருக்கு வேலை போனது தெரியாது, அரசு ஆரம்ப சுகாதார நிலையத்தில் மாத்திரை இலவசமாகக் கிடைக்க வழி சொல்லவும் தோன்றாது. மருந்தின் வீரியத்தைக் கூட்டுவார், அல்லது திட்டுவார். எழுதியவர் மாற்றிவிட்டது சொல்லை மட்டுமல்ல, சிகிச்சையின் திசையையும்.

நோயாளி இதைப் படிக்கப்போவதில்லை என்ற நம்பிக்கையில்தான் இவ்வளவு காலம் இப்படி எழுதப்பட்டது. அமெரிக்காவில் 2021 ஏப்ரல் முதல் நோயாளி தன் குறிப்புகளைத் தாமதமின்றி ஆன்லைனில் பார்க்கும் சட்ட உரிமை நடைமுறைக்கு வந்தது. அங்கே இந்த விவாதம் சூடுபிடித்ததற்கு அதுவும் ஒரு காரணம். படித்தாலும் புரியுமா என்பது வேறு. மினசோட்டா மாநிலப் பொருட்காட்சிக்கு வந்த 215 பேரிடம் மருத்துவர்களின் வாக்கியங்களைக் கொடுத்துப் பொருள் கேட்டார்கள். 'உங்கள் எக்ஸ்ரே இம்ப்ரெஸ்ஸிவாக இருக்கிறது' என்றால் கெட்ட செய்தி என்று புரிந்துகொண்டவர்கள் 21 சதவீதம்தான். 'ஆக்கல்ட் இன்ஃபெக்ஷன்' என்றால் மறைந்திருக்கும் தொற்று என்று அறிந்தவர்கள் 2 சதவீதம். ஏதோ சாபம் சம்பந்தப்பட்டது என்று நினைத்தவர்கள் அதைவிட அதிகம். ஆங்கிலம் தாய்மொழியாக உள்ள நாட்டில் இந்தக் கதி. ரிப்போர்ட்டில் 'நெகட்டிவ்' என்று பார்த்துவிட்டு அழுதுகொண்டே வெளியே வருகிற நம் ஊர்க்காரரைப் பார்த்துச் சிரிக்க யாருக்கும் தகுதியில்லை.

செய்ய முடிந்தவை அதிகம் இல்லை, கடினமானவையும் இல்லை. 2019 முதல் எம்.பி.பி.எஸ். பாடத்திட்டத்தில் 'ஏட்காம்' என்ற பெயரில் நடத்தை, அறம், தகவல் தொடர்புப் பயிற்சி சேர்ந்திருக்கிறது. கெட்ட செய்தியை நோயாளியிடம் எப்படிச் சொல்வது என்று அதில் கற்பிக்கிறார்கள். நோயாளியைப் பற்றி எப்படி எழுதுவது என்பதையும் அதில் சேர்த்து, மாணவர்கள் தாங்களே எழுதிய கேஸ் ஷீட்டுகளைத் திருத்தவைக்க வேண்டும். டிஸ்சார்ஜ் சம்மரியின் கடைசிப் பக்கத்தில் தமிழில் பத்து வரி கட்டாயமாக்க வேண்டும். என்ன நோய், எவ்வளவு உறுதி, என்ன மருந்து, எப்போது திரும்ப வர வேண்டும் என்பதற்கு அது போதும். மருந்து நின்றது என்று எழுதுகிற இடத்தில் ஏன் நின்றது என்பதற்கும் ஒரு கட்டம் வைக்கலாம்.

வாசகரின் பங்கும் உண்டு. 2002-ஆம் ஆண்டின் இந்திய மருத்துவக் கவுன்சில் ஒழுங்குமுறை விதிகளின்படி, நோயாளியோ அவர் அனுமதி பெற்றவரோ மருத்துவப் பதிவுகளைக் கேட்டால் 72 மணி நேரத்துக்குள் தர வேண்டும். அடுத்த முறை வீட்டில் யாரையாவது டிஸ்சார்ஜ் செய்யும்போது பில்லை மட்டும் சரிபார்த்துவிட்டு ஆட்டோ பிடிக்காதீர்கள். சம்மரியை டூட்டி டாக்டரிடமே கொடுத்து வரிவரியாகத் தமிழில் சொல்லச் சொல்லுங்கள். நீங்கள் சொன்னது ஒன்று, எழுதியிருப்பது ஒன்று என்றால் அங்கேயே திருத்தித் தரச் சொல்லுங்கள்.